காலை 8 மணிக்கு எவ்வளவு வெயில்?

கேள்வி: மாடியில் 3 கிலோவாட் சோலார் பேனல் போடலாம் என்று இருக்கிறோம். நாளுக்கு 12 யூனிட் வரும் என்கிறார்கள். எனக்குத் தையல் கடை. அயர்ன் பாக்ஸ் காலை 8 மணியிலிருந்து 10 மணி வரைதான் ஓடும். அந்த நேரத்தில் எவ்வளவு மின்சாரம் கிடைக்கும் என்று எப்படிக் கணக்குப் போடுவது?
- ஒரு வாசகி, திண்டுக்கல்

பதில்: கேட்க வேண்டியதைக் கேட்டிருக்கிறீர்கள். 12 யூனிட் என்பது ஆண்டுச் சராசரிக்கு நியாயமான எண்தான். ஆனால் உங்கள் அயர்ன் பாக்ஸ் சராசரியில் ஓடாது, அந்த மணி நேரத்து வெயிலில்தான் ஓடும்.

நான் யார் வீட்டு மாடிக்குப் போனாலும் முதலில் செய்வது இதுதான். ஒரு மீட்டர் குச்சியை நேராக நட்டு, குச்சியின் நுனியிலிருந்து நிழலின் நுனி வரை கயிற்றைப் பிடித்து அளப்பேன். 1-ஐ அந்த நீளத்தால் வகுத்து 1000-ஆல் பெருக்கினால், மேகமில்லாத நாளில் சமதளத்தில் ஒரு சதுர மீட்டருக்கு விழும் வெயில் ஏறக்குறைய எத்தனை வாட் என்று வந்துவிடும். பேனலின் 3 கிலோவாட் என்பதே 1000 வாட் வெயிலில் சொல்லப்படும் கணக்கு.

உங்கள் ஊருக்கே பார்ப்போம். ஏப்ரல் நடுவில் காலை 8 மணிக்குக் கயிறு சுமார் 2.2 மீட்டர் வரும். அதாவது 450 வாட் வெயில். மூன்று கிலோவாட்டுக்கு 1.35 வரும். வயர், இன்வெர்ட்டர், தூசி, சூடு என்று ஐந்தில் ஒரு பங்கைக் கழித்தால் 1.1 கிலோவாட் மிஞ்சும். 1000 வாட் பெட்டி ஒன்று ஓடிவிடும். டிசம்பர் கடைசியிலோ அதே 8 மணிக்குக் கயிறு 3 மீட்டரைத் தாண்டும், கையில் நிற்பது 0.8 கிலோவாட்கூட இல்லை. 10 மணிக்கு அது 1.6 கிலோவாட் ஆகிவிடும். பேனலைத் தெற்கே 10 டிகிரி சாய்த்தால் டிசம்பர் காலையில் இன்னும் கொஞ்சம் கூடும். ஆனால் ஐப்பசி, கார்த்திகை மழை மேகத்துக்கு எந்தக் கணக்கும் நிற்காது.

உச்சி வெயில் சரியாக 12 மணிக்கு என்று நினைக்காதீர்கள். நம் கடிகாரம் 82.5 டிகிரி தீர்க்கரேகைக்கு வைத்தது, திண்டுக்கல் 78-இல் இருக்கிறது. அதனால் பிப்ரவரியில் உச்சி 12.30-ஐ ஒட்டி வரும், நவம்பர் தொடக்கத்தில் 12 மணிக்கே வந்துவிடும்.

மேகத்தையும் சேர்த்த மணிவாரிக் கணக்கு வேண்டுமென்றால் பிவிஜிஐஎஸ் (PVGIS) என்ற சோலார் கணக்கு இணையதளத்தில் உங்கள் ஊரைக் குறித்து இலவசமாக எடுக்கலாம். நான் முதல் தடவை பார்த்தபோது காலை 7 மணிவாக்கில் உச்ச வெயில் காட்டியது, குழம்பிப் போனேன். அப்புறம்தான் தெரிந்தது, அதில் நேரம் உலகப் பொது நேரம். ஐந்தரை மணி கூட்டிக்கொள்ளுங்கள்.

கடைசியாக நிழல். எங்கள் மாடியில் தண்ணீர்த் தொட்டி நிழல் டிசம்பரில் காலை 9 மணி வரை ஒரே ஒரு பேனலின் ஓரத்தில் விழுந்தது. பேனல்களைத் தொடராக, அதாவது ஒரே மின்சாரம் எல்லாப் பேனல் வழியாகவும் ஓடும்படி இணைத்திருந்ததால், அந்தக் கையகல நிழலுக்குப் போன மின்சாரம் கையகலம் இல்லை. ஆகவே பணம் கட்டும் முன், ஒரு டிசம்பர் காலை 8 மணிக்கு மாடியேறி, தொட்டியின் நிழலும் தென்னையின் நிழலும் எதுவரை வருகின்றன என்று சுண்ணாம்புக்கட்டியால் கோடு போட்டு வையுங்கள்.