கரையோர நடை, கரைமீன் சாப்பாடு: வாசகர் கேள்விகள்

சாளுவன்குப்பத்திலிருந்து மாமல்லபுரம் மீனவர் குப்பம் வரை, வழிகாட்டியோடு கடற்கரை ஓரமாகவே நடந்து வரும் காலைநடையைப் பற்றிச் சென்ற இதழில் எழுதியிருந்தோம். தூரம் 5 கிலோமீட்டருக்குச் சற்றுக் குறைவு. முடிவில் அன்று கரைக்கு வந்த மீனில் மதியச் சாப்பாடு. அதையொட்டி வந்த கடிதங்களுக்கு, நடையை நடத்துகிறவர்களும் அடுப்படியில் நிற்பவர்களும் சேர்ந்து தரும் பதில்கள் இவை.

வெறும் ஐந்து கிலோமீட்டர்தானே? காலை 6 மணிக்கே வரச் சொல்வது ஏன்? சாவகாசமாக 9 மணிக்குக் கிளம்பினால் என்ன?
– வாசகர், வேலூர்

ஒன்பது மணிக்குக் கிளம்பினால் நடக்கலாம். சாப்பாடுதான் சரியாக அமையாது. இங்கே இருட்டோடு கடலுக்குப் போகும் ஃபைபர் படகுகள் பெரும்பாலும் ஏழிலிருந்து ஒன்பதுக்குள் கரை ஏறிவிடும். நல்ல மீன் முதல் அரை மணி நேரத்திலேயே கைமாறிவிடும். படகு வரும்போது நாம் குப்பத்தில் நிற்க வேண்டும் என்பதை வைத்துத்தான் மற்ற நேரங்களைக் கணக்கிட்டிருக்கிறோம்.

6 மணிக்குச் சாளுவன்குப்பம். யாளித் தலைகள் வரிசைகட்டிய புலிக்குகை, அதிரணசண்ட மண்டபம், அவற்றுக்குச் சற்று வடக்கே முருகன் கோயில் அடித்தளம் ஆகிய மூன்றுக்கும் அரை மணி முதல் முக்கால் மணி வரை ஆகும். முருகன் கோயிலை அவசரப்பட்டுத் தாண்டிவிடாதீர்கள். 2004 சுனாமி மணலை அரித்ததில் கல்வெட்டுள்ள பாறை வெளிப்பட, மறுவருடம் தொல்லியல் துறை தோண்டி எடுத்த இடம் அது. கீழே இருக்கும் செங்கல் கட்டுமானம் பல்லவருக்கும் முந்தியது என்பது அவர்கள் கருத்து. பிறகு தேவனேரி வழியாகத் தெற்கே ஒன்றரை மணி நேர நடை. எட்டே காலுக்குக் குப்பம். மீனை வாங்கிச் சமையலுக்குக் கொடுத்துவிட்டு ஐந்து ரதம், அர்ச்சுனன் தபசு பார்த்துவிட்டு வந்தால் பதினொன்றரைக்கு இலை.

ஜனவரி முதல் மார்ச் வரை இதற்கு ஏற்ற காலம். ஏப்ரலுக்குப் பிறகு எட்டரை மணிக்கே உலர்மணல் காலைச் சுடும். ஐப்பசி, கார்த்திகையில் கடல் கரையை அரித்திருக்கும். நடக்கவே இடம் இராது.

போன மாதம் வேறொரு கடற்கரையில் 4 கிலோமீட்டர் நடந்தேன். மறுநாள் இடது முட்டியும் இடுப்பும் மட்டும் வலித்தன. வயதுதான் காரணமா?
– வாசகி, கும்பகோணம்

வயதைவிடக் கரையின் சரிவுதான் காரணமாக இருக்கும். கடற்கரை கடலை நோக்கிச் சாய்ந்திருக்கிறது. கடலை இடப்புறம் வைத்துக்கொண்டு ஒரே திசையில் நடந்தால் இடது கால் ஒவ்வோர் அடியிலும் தாழ்வாக விழும். இடுப்பு அதற்கு ஏற்றபடி கோணும். மணிக்கணக்கில் இப்படி நடந்தால் வலிக்காமல் இராது.

மணலில் ஓர் இடம் இருக்கிறது, பார்த்திருப்பீர்கள். அலை நுனி வந்து தொட்டுவிட்டுப் போன பிறகு, தண்ணீர் வடிந்து மினுமினுப்பு மங்கும் பட்டை. அங்கே காலை வைத்தால் சுவடு விரற்கடை ஆழம்கூடப் பதியாது. அதற்கு மேலே உலர்மணல். கால் கணுவரை புதையும், அதே தூரத்துக்கு இரு மடங்கு சக்தி போகும். அதற்குக் கீழே சொதசொதவென்று உள்வாங்கும். அந்த நடுப் பட்டையிலேயே நடக்க வேண்டும். வற்றம் இருக்கும் நேரத்தில், அதாவது கடல்நீர் இறங்கியிருக்கும்போது, அது அகலமாகவும் சரிவு குறைவாகவும் கிடைக்கும். சரிவு அதிகமான இடம் வந்தால் மேட்டுக்கு ஏறி ஐந்து நிமிடம் சமதரையில் நடந்துவிட்டு மறுபடி இறங்குங்கள். இதை நினைவுபடுத்துவது வழிகாட்டியின் வேலை. மூச்சு விடாமல் வரலாறு சொல்லிக்கொண்டே முன்னால் போகிறவர் நல்ல வழிகாட்டி இல்லை.

பின்பக்கம் வார் உள்ள செருப்பு போதும். ஷூவுக்குள் மணல் புகுந்தால் அரை மணியில் கொப்புளம். ஆளுக்கு ஒன்றரை லிட்டர் தண்ணீர்.

சாப்பாட்டில் வஞ்சிரம் வறுவல் உண்டா என்று கேட்டால் "காலையில்தான் சொல்ல முடியும்" என்கிறார்களே. இது என்ன பதில்?
– வாசகர், சென்னை

நேர்மையான பதில். முன்னாடியே "வஞ்சிரம் கட்டாயம்" என்று உறுதி தருகிறவர், முந்தின நாளே சந்தையில் வாங்கி ஐஸில் போட்டு வைத்திருப்பார். அதற்கு இவ்வளவு தூரம் நடந்து வர வேண்டியதில்லை.

கரையில் கிடைப்பது வலையையும் நீரோட்டத்தையும் பொறுத்தது. ஒருநாள் சங்கரா, கிழங்கான். ஒருநாள் நெத்திலியும் காரப்பொடி மீனும் மட்டும். ஒருநாள் கூடை நிறைய நண்டு. பெரிய மீனும் மொத்த மீனும் ஏலத்தில் போகும். நமக்கு வேண்டியதைக் கூறு கட்டி விற்கும் அம்மாக்களிடம் வாங்கலாம். 12 பேருக்கு முழு மீனாக 5 கிலோ, கூடவே இறாலோ கணவாயோ ஒரு கிலோ தாராளம்.

பார்த்து வாங்க: செவுளைத் தூக்கினால் சிவப்பாக இருக்க வேண்டும், பழுப்பாக அல்ல. கண் புடைத்திருக்க வேண்டும். சதையை அழுத்தினால் குழி நிற்கக் கூடாது. இறாலில் தலை ஆடாமல் ஒட்டியிருக்க வேண்டும். நண்டைக் கையில் தூக்கிப் பாருங்கள்; அளவுக்குத் தகுந்த கனம் இல்லையென்றால் ஓடு மாற்றிய தண்ணி நண்டு, உள்ளே சதை இராது. அமாவாசை நண்டுதான் சதைப்பற்று என்பார்கள். அமாவாசையோ பௌர்ணமியோ, வயிற்றுப் பக்கம் அழுத்திப் பார்த்து அமுங்கினால் வேண்டாம்.

பலரும் கோட்டைவிடுவது இதற்கு அடுத்த கட்டத்தில். எட்டரைக்கு வாங்கி, பிளாஸ்டிக் பையில் கட்டி, அடுப்பு பற்றவைக்கும்வரை திண்ணையில் வைத்துவிடுவார்கள். கானாங்கெளுத்தி, சூரை, மத்தி போன்றவற்றை வெயிலில் விட்டால் சதையில் ஹிஸ்டமின் உண்டாகும். கொதிக்க வைத்தாலும் அது போகாது. சாப்பிட்ட ஒரு மணி நேரத்துக்குள் முகம் சிவந்து, தலை வலித்து, உடம்பு தடிக்கும். 'மீன் ஒத்துக்கலை' என்று சொல்லிவிடுவோம். பல நேரம் தப்பு மீனிடம் இல்லை, பையிடம். 5 கிலோ மீனுக்கு 5 கிலோ நொறுக்கிய ஐஸ். ஓர் அடுக்கு ஐஸ், ஓர் அடுக்கு மீன். உருகும் தண்ணீர் வடிய வழியிருக்க வேண்டும். அந்தத் தண்ணீரில் மீன் ஊறினால் ருசி போய்விடும்.

மீன்பிடித் தடைக்காலத்தில் வந்தால் புது மீன் கிடைக்காதா?
– வாசகர், திருச்சி

கிடைக்கும். கிழக்குக் கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடை விசைப்படகுகளுக்குத்தான். இந்தக் குப்பத்தின் சிறு படகுகள் அப்போதும் போய் வரும். விசைப்படகு மீன் இல்லாததால் விலை ஏறும், அவ்வளவே. அந்த மாதங்களில் உங்களைத் தடுக்க வேண்டியது வெயில்தான்.

அங்கே சாப்பிட்ட குழம்பில் துண்டு முழுசாக இருந்தது. வீட்டில் செய்தால் கரைந்துவிடுகிறது. அளவோடு சொல்லுங்கள்.
– வாசகி, ஈரோடு

12 பேருக்கு: 3 கிலோ சங்கரா வாங்கினால் சுத்தம் செய்தபின் தலையோடு 2 கிலோவுக்குக் கொஞ்சம் மேலே நிற்கும். கல்லுப்பும் மஞ்சளும் போட்டு உரசிக் கழுவி வையுங்கள். புளி 120 கிராம், சின்ன வெங்காயம் 400 கிராம், தக்காளி 400 கிராம், பூண்டு 2 முழுசு, குழம்பு மிளகாய்த்தூள் 6 மேசைக்கரண்டி, நல்லெண்ணெய் 200 மில்லி.

அகன்ற மண்சட்டியில் எண்ணெய் காய்ந்ததும் கடுகு, வெந்தயம், கறிவேப்பிலை. பிறகு வெங்காயம், பூண்டு, தக்காளி நன்றாகக் குழைய வதங்கட்டும். தூளைப் போட்டு அரை நிமிடம் பிரட்டிப் புளிக்கரைசல் ஊற்றுங்கள். தண்ணீரோடு சேர்த்து இரண்டரை லிட்டர். உப்பு போட்டு, பச்சை வாசனை போய் எண்ணெய் மேலே மிதக்கும்வரை இருபது நிமிடமாவது கொதிக்க வேண்டும். உங்கள் துண்டு கரைவது இங்கேதான்: குழம்பு நீர்த்திருக்கும்போதே மீனைப் போட்டுவிட்டு, குழம்பு சுண்டட்டும் என்று காத்திருக்கிறீர்கள். குழம்பு முழுசாகத் தயாரான பிறகே மீன். போட்டபின் 7 நிமிடம், மிதமான தீ, கரண்டியே படக் கூடாது. சட்டியை இரு பக்கமும் துணியால் பிடித்து ஒரு சுற்றுச் சுற்றினால் போதும். இறக்கி அரை மணி ஆறவிட்டால் துண்டில் உப்பு புளி சாரும். நெத்திலி என்றால் 3 நிமிடத்தில் இறக்கிவிடுங்கள்.

பிள்ளைகளை அந்தக் கரையில் குளிக்க விடலாமா?
– வாசகர், காஞ்சிபுரம்

வேண்டாம். முழங்கால் தண்ணீரோடு சரி. அலை வரிசையாக உடைந்துகொண்டிருக்க, நடுவில் ஓர் இடம் மட்டும் உடையாமல், கலங்கி, அமைதியாகத் தெரியும். பார்க்கப் பாதுகாப்பான இடம்போல் இருக்கும். கரையில் ஏறிய தண்ணீர் முழுக்கக் கடலுக்குத் திரும்பும் வாய்க்கால் அது. இதைத் தவிரக் கரையோரமாக ஓடும் நீரோட்டமும் உண்டு. வடக்கிலிருந்து தெற்கே ஓடினால் வண்ணி, தெற்கிலிருந்து வடக்கே ஓடினால் தெண்டி என்பார்கள் மீனவர்கள். அன்றைக்கு எது, எவ்வளவு வேகம் என்று குப்பத்தில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள்.

வலையிலிருந்து உதறிப்போட்ட செத்த கெளுத்தியை மிதித்துவிட்டேன். பல மணி நேரம் வலி. செத்த மீனிலும் விஷம் இருக்குமா?
– வாசகர், கடலூர்

இருக்கும். கெளுத்தி, திருக்கை இரண்டின் முள்ளிலும் செத்தபின்னும் விஷம் நிற்கும். படகு நிற்கும் இடத்தில் வெறுங்காலோடு நடக்கக் கூடாது என்பது அதனால்தான். (விரித்திருக்கும் வலையைச் செருப்புக் காலோடு தாண்டுவதும் கூடாது, அது மரியாதை சம்பந்தப்பட்டது.) முள் குத்தினால் ஐஸ் வைக்காதீர்கள். அந்த விஷம் சூட்டில் முறியும். பொறுக்கும் அளவு சூடான நீரில், 40 முதல் 45 டிகிரி, காலை அரை மணி முதல் ஒன்றரை மணி வரை வையுங்கள். குத்திய காலுக்குச் சூடு சரியாகத் தெரியாது. மற்றக் காலை விட்டு முதலில் பாருங்கள். முள் முறிந்து உள்ளே நின்றால் ஆஸ்பத்திரி, டெட்டனஸ் ஊசி.

குழுவில் ஒருவர் சைவம், இன்னொருவருக்கு இறால் ஆகாது. என்ன செய்வது?
– வாசகி, கோவை

முந்தின நாளே சொல்லிவிடுங்கள். சைவச் சமையலைத் தனிச் சட்டியில் முதலில் முடித்துவிடுவார்கள். இறால் ஆகாதவருக்கு இறாலைத் தவிர்த்தால் மட்டும் போதாது. இறால் பொரித்த எண்ணெயில் மீனைப் பொரித்தாலும் ஒவ்வாமை வரும். அவருடைய மீனைப் புது எண்ணெயில், முதல் ஈடாகப் போட்டு எடுக்கச் சொல்லுங்கள்.