குருநகரில் எல்லோரும் கமராவையே பார்க்கிறார்களா?

யாழ்ப்பாணத்துக் குருநகர்க் கரையில் மீனவர்களைப் பற்றிய ஆவணப்படத்துக்காக மூன்று நாள் எடுத்தும், எல்லோரும் கமராவைப் பார்த்துச் சிரிக்கிறார்கள், வேலையை விட்டுவிட்டு நிமிர்ந்து நிற்கிறார்கள் என்று எழுதியிருந்தீர்கள். மூன்று நாள் போதாது. பாசையூரில் எடுத்தபோது முதல் ஒரு கிழமை நான் கமராவைப் பையிலிருந்து எடுக்கவே இல்லை. விடியப் போவேன், தேத்தண்ணி குடிப்பேன், கதைத்துக்கொண்டிருப்பேன். எட்டாம் நாள் வெளியில் எடுத்தேன். ஓரிரண்டு பேர் பார்த்தார்கள், அவ்வளவுதான்.

மீன் ஏலத்தை எடுப்பதை இப்போதைக்கு விடுங்கள், அங்கே எல்லோருக்கும் சுற்றிப் பார்க்க நேரம் உண்டு. வலையில் நண்டு கழற்றும் இடத்தில் போய் இருங்கள். கால் முறிந்தால் விலை குறையும், அதனால் கண் வலையை விட்டு எழும்பாது. ஒரு அம்மா கொடுக்கை இடக்கையால் மடக்கிப் பிடித்து, வலக்கை விரலால் நூலைப் பின்பக்கமாகத் தள்ளி எடுப்பார். வாயில் அதன் பாட்டுக்கு ஊர்க்கதை ஓடும். கமராவை அந்த விரல்களிலேயே பத்து நிமிடம் வைத்திருங்கள். காட்சியை இடையில் வெட்டாதீர்கள்.

ஆட்களையும் குறையுங்கள். பேட்டியோ விவரணைக் குரலோ இல்லாமல் ஆவணப்படம் எடுத்த அமெரிக்க இயக்குநர் ஃபிரெடரிக் வைஸ்மன் ஒலிவாங்கியைத் தானே பிடிப்பார். கூட ஒளிப்பதிவாளரும் ஒரு உதவியாளரும், அவ்வளவுதான். ஐந்து பேராகப் போனால் கரையே திரும்பும்.

இன்னொன்று, இதுதான் முக்கியம். சண்டைக் காலத்தைக் கண்டவர்களுக்குத் தங்களை யாரோ படம் பிடிப்பது சின்ன விஷயம் இல்லை. எதற்கு எடுக்கிறீர்கள் என்று முதலே சொல்லுங்கள். வேண்டாம் என்றால் உடனே கமராவை இறக்கிவிடுங்கள். எடுத்ததில் கொஞ்சத்தை அடுத்த நாளே அவர்களுக்குப் போட்டுக் காட்டுங்கள்.