இலவசப் படமும் இறால் துண்டும்

கேள்வி: அண்ணா, எனக்கு 24 வயது. வயது வந்தோருக்கான படங்களும் 'அன்ரேட்டட்' என்று வரும் படங்களும் பார்க்க விருப்பம். தரவிறக்கப் போனால் போன் முழுக்க விளம்பரம் பாய்கிறது. சட்டச் சிக்கல் இல்லாமல் எப்படி எடுப்பது? போனைத் தங்கையும் பாவிக்கிறாள்.
— ஒரு வாசகர், களுவாஞ்சிக்குடி

பதில்: தம்பி, 24 வயதில் 'ஏ' படம் பார்க்கக் கூச்சப்பட ஒன்றுமில்லை. ஆனால் 'அன்ரேட்டட்' என்றால் கூடுதல் காரம் என்று எங்கள் பொடியன்மார் நினைக்கிறார்கள். அமெரிக்காவில் படம் எந்த வயதினருக்கு என்று தரப்படுத்தக் கொடுப்பது தயாரிப்பாளரின் விருப்பம். கொடுக்காத படமும், தியேட்டருக்குப் பிறகு நீளம் கூட்டிய பிரதியும் அந்தப் பெயரில் வரும். சிலவற்றில் கூடியிருப்பது நாலு நிமிடப் பகிடிதான். (நீலப்படம் வேறு கதை. அதற்கு 1927 இலிருந்தே இங்கே தனிச் சட்டம் இருக்கிறது.)

கல்லடிப் பாலத்தில் தூண்டில் போடுகிறவர் சின்ன இறாலைக் கொழுவித்தான் மீனை இழுப்பார். திருட்டுப் படத் தளங்களில் அந்த இறால், பச்சை நிறத்தில் துடிக்கிற 'டவுன்லோட்' பட்டன். என் மருமகன் அதை அமத்தினான். இறங்கிய கோப்பில் படத்தின் பெயர் சரியாக இருந்தது; கடைசியில் மட்டும் எம்பி4 இல்லை, ஏபிகே. அது படமில்லை, போனில் செயலியை ஏற்றும் கோப்பு. அளவு 6 எம்பி. இரண்டரை மணி நேரப் படம் அதற்குள் அடங்குமா? அவன் இன்ஸ்டோல் செய்தான். எஸ்எம்எஸ் வாசிக்க அனுமதி கேட்டது, அதையும் கொடுத்தான். படம் காட்ட எஸ்எம்எஸ் எதற்கு? வங்கி அனுப்பும் ஓடிபியைத் (ஒருமுறைக் கடவு எண்) திருடத்தான். நல்லகாலம், கணக்கில் காசு இருக்கவில்லை.

சரி, நேர்வழிக்கு வருவோம். நெட்பிளிக்ஸ், அமேசான் பிரைம் வீடியோ இரண்டும் இலங்கையில் கிடைக்கின்றன. சந்தா கட்டினால் செயலிக்குள்ளேயே படத்தை இறக்கலாம். கேலரியில் தேடாதீர்கள், அங்கே வராது. பென் டிரைவிலும் ஏறாது. நெட்பிளிக்ஸில் சில படங்கள் பார்க்கத் தொடங்கி 48 மணித்தியாலத்தில் காலாவதியாகிவிடும், பாதியில் நித்திரை கொண்டுவிட்டு அடுத்த கிழமை தேடக்கூடாது. கொமியூனிகேஷன் கடையில் ஏற்றித் தருகிறார்களே என்பீர்கள். காசு கொடுத்து வாங்கினாலும் திருட்டுப் பிரதி திருட்டுப் பிரதிதான். 2003 ஆம் ஆண்டின் 36 ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் அதற்கும் பொருந்தும்.

நெட்பிளிக்ஸில் தங்கைக்கு அவள் வயதுக்கேற்ற தனி புரொபைல் திறந்து கொடுங்கள். உங்களுடையதற்கு நாலு இலக்கப் பின் நம்பர் போடுங்கள். பிறந்த வருடத்தைப் போட வேண்டாம், அவளுக்கு அது தெரியும்.