ஸ்ஃபீரிஸின் பிள்ளைகள் – கடிதம்

அன்புள்ள ஐயா,

நீங்கள் சொன்னதன் பேரில் அமெரிக்க இயக்குநர் பெனலோப்பி ஸ்ஃபீரிஸ் எடுத்த ‘தி டிக்ளைன் ஆஃப் வெஸ்டர்ன் சிவிலைசேஷன்’ ஆவணப்படங்களைப் பார்த்தேன். முதல் இரண்டும் பிடித்தன. மூன்றாவதைப் பாதியில் நிறுத்திவிட்டேன். வீடில்லாமல் குடித்துக் கிடக்கும் பிள்ளைகளைக் கைகொடுத்துத் தூக்காமல், அவர்களிடம் கேமராவை நீட்டிக் கேள்வி கேட்பது சுரண்டல் இல்லையா?

வாசகர், கோவை

அன்புள்ள நண்பருக்கு,

மீதியையும் பார்த்துவிடுங்கள். அவர் எடுத்ததிலேயே முக்கியமான படம் அதுதான் என்று நினைக்கிறேன்.

முதல் படம் 1979 டிசம்பரிலிருந்து 1980 மே வரை லாஸ் ஏஞ்சல்ஸில் பங்க் எனும் ஆவேசமான ராக் இசையை வாசித்த குழுக்களைச் சுற்றி எடுக்கப்பட்டது. பாழடைந்த தேவாலயம் ஒன்றில் தங்கியிருக்கும் பாடகர் ரான் ரேயெஸ், தான் படுத்துறங்கும் பொந்தைக் காட்டி, வாடகை மாதம் 16 டாலர் என்கிறார். ரசிகர்கள் வெள்ளைச் சுவரின் முன்னால், தொங்கும் ஒற்றை பல்பின் அருகே உட்கார்ந்து பேசுகிறார்கள். யாரை அடித்தோம், ஏன் வெறுக்கிறோம் என்று ஒளிவுமறைவில்லாமல் சொல்கிறார்கள். ஸ்ஃபீரிஸ் இடைமறித்துப் புத்தி சொல்வதில்லை. அவர்கள் பேசி முடிக்கும்வரை கேட்டுக்கொண்டிருக்கிறார். பாடகர் டார்பி கிராஷ், மேடையில் நிற்கவும் முடியாத போதையில் இருப்பவர், இன்னொரு காட்சியில் அடுப்படியில் நின்று முட்டை பொரிக்கிறார். படம் 1981இல் வெளிவருவதற்கு முன்பே, 22 வயதில், அவர் தற்கொலை செய்துகொண்டார். இதே படத்தை இனி நகரில் திரையிடக் கூடாது என்று அன்றைய காவல்துறைத் தலைவர் கடிதம் எழுதினார். 2016இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் அதைப் பாதுகாக்கப்பட வேண்டிய படங்களுக்கான தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்தது.

சுரண்டல் என்ற குற்றச்சாட்டை, ஹெவி மெட்டல் எனும் உரத்த ராக் இசையைப் பற்றிய இரண்டாம் படத்தின் மீது வைத்திருந்தால் ஓரளவு ஒப்புக்கொண்டிருப்பேன். பாடகர் ஆஸி ஆஸ்போர்ன் நடுங்கும் கையால் ஆரஞ்சுச் சாற்றைக் கொட்டும் காட்சி செயற்கையாக உருவாக்கப்பட்டது என்று ஸ்ஃபீரிஸே பின்னாளில் சொன்னார். ஆவணப்படத்தில் அதைச் செய்திருக்கவே கூடாது.

ஆனால் அந்தப் படத்தில் ஒரு கேள்வி வருகிறது. புகழுக்காக ஏங்கும் ஹெவி மெட்டல் இளைஞர்களிடம், நினைத்தது நடக்காவிட்டால் என்ன செய்வீர்கள் என்கிறார். நடக்கும் என்கிறார்கள், மாற்று வழியை யோசித்துப் பார்க்கவும் மறுக்கிறார்கள். பத்தாண்டு கழித்து 1998இல் வந்த மூன்றாம் படத்தில், தெருவில் வாழும் பங்க் பிள்ளைகளிடம், ஐந்து வருடத்தில் எங்கே இருப்பீர்கள் என்று கேட்கிறார். செத்திருப்போம் என்று பதில் வருகிறது. அடிபட்டு, வீட்டைவிட்டு ஓடிவந்தவர்கள் அவர்கள். ஸ்ஃபீரிஸும் சிறுவயதில் தந்தையைக் கொலைக்குப் பறிகொடுத்தவர்; குடிகாரத் தாயிடம் வளர்ந்தவர். அந்தப் பிள்ளைகள் அவரிடம் மனம்விட்டுப் பேசியதற்கு அதுவும் ஒரு காரணமாக இருக்கலாம் என்பது என் ஊகம்.

ஹாலிவுட் நகைச்சுவைப் படங்களில் சம்பாதித்த பணத்தை அவர் இந்த மூன்றாம் படத்தில் போட்டார். கைகொடுத்துத் தூக்கவில்லை என்கிறீர்கள். படம் முடிந்தபின் அவர் வளர்ப்புத் தாயாக முறைப்படி பதிவு செய்துகொண்டு, ஆதரவற்ற பிள்ளைகளைத் தன் வீட்டில் வைத்து வளர்த்தார்.

அன்புடன்.