காட்டுக்குள் கோயில் காட்டுகிறேன் என்பவருக்கு முற்பணம் கொடுக்கலாமா?

கேள்வி: கனடாவிலிருந்து பிள்ளைகளோடு வருகிறோம். இலங்கையின் வடக்கே வன்னியில் அதிகம் பேர் போகாத பழைய இடங்களைப் பார்க்க ஆசை. வவுனியாவில் ஒரு வான்காரர், யாருக்கும் தெரியாத இடிந்த கோயிலைக் காட்டுவதாகச் சொல்லி முற்பணம் கேட்கிறார். கொடுக்கலாமா?

பதில்: கொடுக்காதீர்கள். மாடு மேய்க்கிறவருக்கும் தேன் எடுக்கப் போகிறவருக்கும் தெரியாத கோயில் வன்னிக் காட்டில் இல்லை. அப்படிச் சொல்கிறவர் உங்களை ஒன்று புதையல்காரர் தோண்டிய குழிக்குக் கூட்டிப் போவார், அல்லது மிதிவெடி அகற்றி முடியாத பக்கத்துக்கு. மிதிவெடி உண்டென்று எச்சரிக்கும் மண்டையோட்டுப் பலகையைக் கண்டால் "அது பழசு" என்பார். நம்பாதீர்கள், திரும்பி விடுங்கள்.

இன்னொன்று, அங்கே பழைய காசோ சிலைத் துண்டோ நீட்டுவார்கள். தொல்பொருளை அனுமதியின்றி நாட்டைவிட்டுக் கொண்டுபோவது குற்றம். 1940இன் தொல்பொருள் சட்டப்படி, சொந்தக் காணியில்கூட அனுமதியில்லாமல் தோண்டித் தேட முடியாது. மாட்டிக்கொள்வது நீங்கள்தான், விற்றவர் அல்ல.

காட்டுக் கோயிலுக்கு ஒரு வழி உண்டு. பொங்கல், திருவிழா நாளில் அந்த ஊர்ச் சனம் போகும்போது கூடப் போகலாம். அன்றைக்குப் பாதை வெட்டியிருப்பார்கள், உழவு இயந்திரமும் போகும். முதல் நாளே கோயில் சபையாரிடம் சொல்லுங்கள். அவர்கள் போகிற தடத்தை விட்டு இறங்காதீர்கள். திருவிழா முடிந்த மறுநாள் இந்தச் சலுகை இல்லை. தொல்லியல் திணைக்களம் அறிவித்தல் பலகை நட்ட இடமென்றால், திருவிழாவாக இருந்தாலும் முதலில் கிராம அலுவலரிடம் கேளுங்கள். ஒரு அலுவலகம் இன்னொன்றைக் கைகாட்டும். கும்பிடப் போகிறவனை இப்படி அலைக்கழிப்பது அநியாயம். ஆனாலும் கேட்டுவிட்டே போங்கள்.

சரி, காடே வேண்டாம் என்றாலும் பார்க்க இருக்கிறது. மாங்குளம்–முல்லைத்தீவு வீதியில் ஒட்டுசுட்டானில் தான்தோன்றீஸ்வரர் கோயில். பக்கத்தில் கற்சிலைமடு. 1803 ஒக்டோபர் 31இல் வன்னிச் சிற்றரசன் பண்டாரவன்னியனை ஆங்கிலேயப் படைத்தலைவன் றிபேர்க் தோற்கடித்ததாகக் கல் நாட்டப்பட்ட ஊர். அது தோல்வியைச் சொல்கிற கல். அதைப் பண்டாரவன்னியன் சமாதி என்று காட்டி யாராவது காசு கேட்டால் கொடுக்க வேண்டாம். மேற்கே மன்னார்க் கரையில் அரிப்பு என்ற ஊரில், முத்துக்குளிப்பைப் பார்க்க ஆங்கிலேய ஆளுநர் நோர்த் கட்டிய மாளிகை கடலரிப்பில் இடிந்துகொண்டே இருக்கிறது. காப்பாற்ற வேண்டியவர்கள் பார்த்துக்கொண்டே இருக்கிறார்கள். மற்ற இடங்களுக்கு முன் அந்த மாளிகைக்குப் போங்கள். பிள்ளைகளைச் சுவரோரம் விடாதீர்கள்.

வான் வாடகையைப் பயணம் முடிந்த பிறகு கொடுங்கள்.