சாவி இழுப்பறை

அன்புள்ள ஆசிரியருக்கு,

எங்கள் தெருமுனைக் கடையை அடுத்த மாதத்தோடு மூடுகிறார்கள். நான் அங்கே வாங்குவதை நிறுத்தி வெகுநாளாகிறது. செல்பேசியில் வாங்கினால் என் வீட்டு விஷயம் யாருக்கும் தெரிவதில்லை. ஆனாலும் செய்தி கேட்டதிலிருந்து மனம் கனக்கிறது. இது வெறும் பழமை ஏக்கம்தானே?

க.

அன்புள்ள க.,

இல்லை. அதை அப்படிச் சிறுமைப்படுத்தாதீர்கள்.

உங்கள் கூச்சம் நியாயமானது. வம்பளக்கும் கடைக்காரர்கள் உண்டு. அவர்களை நான் மன்னிப்பதில்லை. நல்ல கடைக்காரர் வேறு ரகம். நகரங்களைப் பற்றி 1961இல் வெளிவந்த தம் நூலில் ஜேன் ஜேக்கப்ஸ், நியூயார்க்கில் தாம் வாழ்ந்த தெருவின் கடைக்காரர் ஒருவரைப் பற்றிச் சொல்கிறார். வெளியூர் போகிறவர்கள், தாங்கள் இல்லாதபோது வரும் விருந்தாளிக்காக வீட்டுச் சாவியை அவரிடம் விட்டுச்செல்வார்கள். ஒரே சமயத்தில் பத்துப் பன்னிரண்டு சாவிகள் சேர்ந்துவிடும். அதற்கென்றே ஓர் இழுப்பறை. வருபவர் யார், எதற்குத் தங்குகிறார் என்று அவர் துருவுவதில்லை. சாவியை எடுத்துக் கொடுப்பார், அவ்வளவுதான்.

அந்த இழுப்பறையை நான் அடிக்கடி நினைத்துக்கொள்வேன். நண்பரிடம் சாவி கொடுத்தால் கதையும் சொல்ல வேண்டும். முன்பின் தெரியாதவரிடம் கொடுக்கவே முடியாது. இரண்டுக்கும் நடுவே இருக்கிறது முகப்பழக்கம். அவரை வீட்டுக்குள் அழைக்க வேண்டாம், வீட்டையே ஒப்படைக்கலாம். செல்பேசியிலும் நீங்கள் வாங்குவதெல்லாம் பதிவாகத்தான் செய்கிறது. தெரிந்துகொண்டவரின் முகம்தான் உங்களுக்குத் தெரிவதில்லை.

1995 ஜூலையில் சிகாகோவில் அடித்த வெயிலில் 700 பேருக்கு மேல் இறந்தார்கள். பலர் தனியே வாழ்ந்த முதியவர்கள். சமூகவியலாளர் எரிக் கிளினன்பெர்க் பக்கத்துப் பக்கத்துப் பகுதிகள் இரண்டை ஒப்பிட்டார். தனித்து வாழும் ஏழை முதியவர்கள் இரண்டிலும் ஏறத்தாழ ஒரே அளவில் இருந்தார்கள். ஒன்றில் லட்சத்துக்கு 40 பேர் இறந்தார்கள். மற்றதில் 4 பேருக்கும் குறைவு. உயிர்கள் அதிகம் போன பகுதியில் கடைகள் மூடிக் கட்டடங்கள் பாழடைந்திருந்தன. வெளியே வரப் பயந்து கதவைத் தாழிட்டுக்கொண்டார்கள். மற்றதில் தெருவெங்கும் கடைகள், ஆள் நடமாட்டம். முதியவர்கள் படியிறங்கி வர ஒரு காரணம் இருந்தது. காப்பாற்றியது கடை மட்டுமே என்று சொல்லமாட்டேன். கடையில்லாத தெருவில் அது நடந்திருக்காது என்று நம்புகிறேன்.

இன்னும் சில வாரங்கள் இருக்கின்றன. போய்ப் பேசுங்கள். தினமும் வருகிறவர் ஒருநாள் வராவிட்டால் அதைக் கவனிப்பவர் கடைக்காரர்தான். இனி எந்த வீட்டுக் கதவை அவ்வப்போது தட்டிப்பார்க்க வேண்டும் என்று கேளுங்கள். ஏன் என்று மட்டும் கேட்காதீர்கள்.