கோட்டை தூய மேரி ஆலயம்: கல்லும் பதிவேடும் – கேள்வி பதில்

சென்னை புனித ஜார்ஜ் கோட்டைக்குள் இருக்கும் தூய மேரி ஆலயம் பற்றி வந்த கேள்விகள்.

கேள்வி: சார், ஆலயம் 1680-இல் பிரதிஷ்டை ஆனது என்கிறார்கள். வளாகத்தில் 1652 என்று வெட்டிய கல்லறைக் கல் இருக்கிறதே, எப்படி?

பதில்: கல் அசல்தான், இடம்தான் மாறியது. அது கோட்டையின் தலைவராக இருந்த ஏரன் பேக்கரின் மனைவி எலிசபெத்தின் கல். அன்றைய ஆங்கிலேயர் இடுகாடு கோட்டைக்கு வெளியே, பின்னாளில் சட்டக் கல்லூரி எழும்பிய பக்கத்தில் இருந்தது. 1758 டிசம்பரில் பிரெஞ்சுத் தளபதி லாலி முற்றுகையிட்டபோது பிரெஞ்சுப் படை அங்கிருந்த பெரிய சமாதிகளை மறைவாக வைத்துச் சுட்டது. முற்றுகை விலகியதும் சமாதிகளை இடித்துத் தள்ளி, எழுத்துள்ள பலகைக் கற்களை ஆலயத்தைச் சுற்றிப் பதித்தார்கள். 1782-இல் ஹைதர் அலி வருவார் என்ற பயத்தில் அதே கற்களைப் பெயர்த்துப் பீரங்கி மேடைக்குப் போட்டு, அப்புறம் திரும்பக் கொண்டுவந்தார்கள். விரிசலும் மழுங்கலும் ஏன் என்று இப்போது புரியும். ஆக, அந்தப் பலகைகளுக்கு அடியில் யாரையும் தேட வேண்டாம். கவர்னர் எலிஹு யேலின் மகன் அடங்கிய கூம்புச் சமாதி போல ஓரிரண்டுதான் பழைய இடத்திலேயே தப்பின.

மழுங்கிய எழுத்தைப் படிக்க உச்சி வெயில் உதவாது. வெயில் சாய்வாக விழும் காலையில் போங்கள். நிழலில் இருக்கும் கல்லுக்கு டார்ச்சைத் தரையோடு படுக்க வைத்துப் பக்கவாட்டில் அடியுங்கள். சாக்பீஸ் தேய்க்கவே கூடாது. தூள் நுண்துளைகளில் இறங்கிவிடும்.

கேள்வி: கூரையில் ஒரு மர உத்திரம்கூட இல்லையாமே?

பதில்: ஆமாம். பீரங்கிக் குண்டு விழுந்தாலும் தீப்பிடிக்கக் கூடாது என்பதே காரணம். மூன்று நீள வளைவுகளாகச் செங்கல்லும் சுண்ணாம்பும் வைத்துக் கட்டிய கூரை, சுமார் 2 அடி கனம். வளைவு சுவரை வெளிப்பக்கம் தள்ளும். அதைத் தாங்கத்தான் வெளிச்சுவர் 4 அடி. இந்த மாதிரிக் கட்டடத்தில் சிமெண்ட் பூசினால் ஈரம் வெளியேற வழியில்லாமல் உள்ளேயே தங்கும். கடற்காற்றின் உப்பும் சேர்ந்து செங்கல்லைப் பொடியாக்கும். பழுது பார்ப்பதும் சுண்ணாம்பிலேயே நடக்க வேண்டும்.

கேள்வி: மேரி என்ற பெயர் எதனால்?

பதில்: ஸ்ட்ரெய்ன்ஷாம் மாஸ்டர் கவர்னராக இருந்தபோது, 1678 மார்ச் 25 அன்று வேலை தொடங்கியது. அது மரியாளுக்கு மங்கள வார்த்தை சொல்லப்பட்ட திருநாள்.

கேள்வி: ஆலயப் பதிவேட்டில் ஒரு அடக்கம் 1689 பிப்ரவரி என்றும், அதே ஆள் 1689 நவம்பரில் ஞானஸ்நானத் தகப்பனாக நின்றதாகவும் பார்த்தேன். எழுத்துப் பிழையா?

பதில்: பிழை இல்லை. இங்கிலாந்துக் கணக்கில் அப்போது வருஷம் பிறப்பது மார்ச் 25-இல். ஆகவே 1689 பிப்ரவரி, 1689 நவம்பருக்குப் பிறகுதான் வரும். நம் கணக்கில் அது 1690. 1752-க்கு முன் ஜனவரி 1 முதல் மார்ச் 24 வரை உள்ள எந்தத் தேதியையும் ‘1689/90’ என்று இரட்டை வருஷமாகக் குறித்துக்கொள்ளுங்கள். ராபர்ட் கிளைவின் கல்யாணம் 1753 பிப்ரவரி 18. அதற்கு இந்தத் தொல்லை இல்லை.

இன்னொரு தவறு: ஞானஸ்நானத் தேதியைப் பிறந்த தேதியாக எடுத்துக்கொள்வது. கம்பெனி அதிகாரி ஜாப் சார்னாக்கின் மூன்று பெண்களுக்கும் 1689 ஆகஸ்டில் ஒரே நாளில் இங்கே ஞானஸ்நானம் நடந்தது. மூவரும் ஒன்றாகப் பிறந்தவர்கள் என்று எழுதிவிடப் போகிறீர்கள்!

கேள்வி: மூல ஏட்டைப் பார்க்க முடியாவிட்டால்?

பதில்: கிழக்கிந்தியக் கம்பெனிக்கு அனுப்பிய நகல்கள் லண்டன் பிரிட்டிஷ் நூலகத்தில், இந்திய அலுவலக ஆவணங்களில் என்/2 (N/2) வரிசையில் இருக்கின்றன, 1698 முதல். அதற்கு முந்தியவை அந்த வரிசையில் கிடைக்காது. பார்த்து எழுதிய பிரதி என்பதால் பெயர்கள் சிதைந்திருக்கும். நாலைந்து எழுத்துக்கூட்டலில் தேடிப் பாருங்கள்.

கேள்வி: மிஷனரி ஷ்வார்ட்ஸ் ஐயர் இங்கேதான் அடக்கமா, அண்ணா?

பதில்: இல்லை தம்பி. 1798-இல் அவர் இறந்ததும் அடங்கியதும் தஞ்சாவூரில். இங்கே இருப்பது கம்பெனி வைத்த பளிங்கு நினைவுச் சின்னம், ஜான் பேக்கன் செதுக்கியது. தஞ்சையில் மன்னர் சரபோஜி வைத்தது ஃபிளாக்ஸ்மன் என்ற சிற்பியின் வேலை. படத்தில் இரண்டையும் குழப்பிக்கொள்கிறார்கள். சென்னை கவர்னர் தாமஸ் மன்றோ விஷயம் வேறு. 1827-இல் ஆந்திரத்தின் பத்திகொண்டாவில் காலரா கண்டு இறந்து, முதலில் கூத்தி (Gooty) என்ற ஊரில் புதைக்கப்பட்டார். 1831-இல் எலும்புகளை இங்கே கொண்டுவந்தார்கள். ஆக அவருக்கு இரண்டு அடக்கத் தேதிகள். எதை எழுதினாலும் ஊர்ப் பெயரையும் சேர்த்து எழுதுங்கள்.